ராஜ்மாவும் பர்மா தனியாவும்

மாயாபந்தர் கடைத்தெருவில் மழைக்காலத்தில் இப்படி ஒரு பேச்சு காதில் விழும்.

"அண்ணே, கொத்தமல்லி இருக்கா?"

"கப்பல் சரக்கு இன்னும் வரலேக்கா. வந்தாலும் பாதி அழுகித்தான் வருது. பர்மா தனியா இருக்கு. தரட்டுமா?"

"அதுதான் எங்க வீட்டு வாசல்லயே முளைச்சுக் கிடக்கே!"

அந்த வாசல் செடியை வைத்து ஒரு நல்ல குழம்பு செய்யலாம். அதனுடன் வேண்டியது முக்கியமாக ஒரே ஒரு பொருள்: ராஜ்மா என்னும் சிவப்புப் பயறு. இந்தக் குழம்பு போர்ச்சுகல் நாட்டுச் சமையல் முறையைச் சேர்ந்தது. செலவு குறைவு. சத்து அதிகம். ஆனால் ராஜ்மாவை அரைகுறையாக வேக வைத்தால் ஆபத்தும் உண்டு. அதையும் தெரிந்துகொண்டுதான் அடுப்பில் ஏற்ற வேண்டும்.

கப்பல் வராத வாரம்

மாயாபந்தர் அந்தமான் தீவுகளின் வடபகுதியில் இருக்கிறது. 2006-இல் உருவான வடக்கு, நடு அந்தமான் மாவட்டத்தின் தலைநகரம் இது. போர்ட் பிளேரிலிருந்து சாலை வழியே சுமார் 240 கிலோமீட்டர். (போர்ட் பிளேருக்கு 2024-இல் ஸ்ரீ விஜயபுரம் என்று பெயர் மாற்றப்பட்டது.)

இங்கே மழை மே மாதம் தொடங்கும். டிசம்பர் வரையிலும் விட்டு விட்டுப் பெய்யும். ஆண்டுக்குச் சுமார் 300 சென்டிமீட்டர் மழை. இவ்வளவு மழையில் கொத்தமல்லிச் செடி நிற்காது. வேர் அழுகிவிடும். தக்காளியும் சரியாக வராது. வெங்காயம், உருளைக்கிழங்கு போன்றவை சென்னையிலிருந்து வர வேண்டும். கப்பல் மூன்று நாள் போலக் கடலில் ஓடும். பிறகு லாரியில் 240 கிலோமீட்டர். கடல் கொந்தளித்தால் கப்பல் தாமதமாகும். அப்போது காய்கறி விலை ஏறும். சில நாள் காயே இருக்காது. அதே கொந்தளிப்பில் சிறிய படகுகளும் கடலுக்குப் போகாது. அதனால் மீனும் குறையும்.

காயும் மீனும் இல்லாத நாளில் சோற்றுக்கு என்ன செய்வது? பருப்பு ரசம், அப்பளம் என்று பல வீடுகளில் சமாளிப்பார்கள். உலர்ந்த பயறு இருந்தால் கவலை குறையும். அது கப்பல் வரும்வரை டப்பாவில் காத்திருக்கும்.

வாசலில் முளைத்த செடி

பர்மா தனியா எப்படி இருக்கும்? கொத்தமல்லிபோல மெல்லிய தண்டும் சிறு இலையும் கிடையாது. இலை நீளமாக இருக்கும். விரல் அகலம் இருக்கும். ஓரம் ரம்பப் பல் போல இருக்கும். இலைகள் தரையை ஒட்டி வட்டமாகப் படர்ந்திருக்கும். ஓர் இலையைக் கிள்ளிக் கசக்கினால் போதும். கொத்தமல்லி வாசனை குப்பென்று வரும். கொத்தமல்லியைவிடக் காரமான வாசனை.

இந்தச் செடிக்குப் பெயர் வைத்த கதை வேடிக்கையானது. அந்தமானில் இதைப் பர்மா தனியா என்கிறார்கள். வங்காளிகள் 'பிலாத்தி தோனே' என்பார்கள். வெளிநாட்டுக் கொத்தமல்லி என்று பொருள். மலையாளிகளிடம் கேட்டால் ஆப்பிரிக்க மல்லி என்பார்கள். ஒவ்வொருவரும் வேறோர் ஊரைக் கைகாட்டுகிறார்கள். உண்மையில் இதன் தாயகம் பர்மாவும் அல்ல, ஆப்பிரிக்காவும் அல்ல. அமெரிக்கக் கண்டத்தின் வெப்பமான பகுதிதான் இதன் சொந்த ஊர்.

ஆனாலும் மாயாபந்தரில் 'பர்மா' என்ற பெயர் பொருத்தமாகத்தான் ஒலிக்கிறது. 1925-இல் பர்மாவிலிருந்து கரேன் மக்கள் இங்கே அழைத்து வரப்பட்டார்கள். காட்டு வேலைக்காக வந்தவர்கள் அவர்கள். மாயாபந்தருக்கு அருகில் வெபி என்ற கிராமத்தை அமைத்தார்கள். அவர்களுடைய பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் இன்றும் அந்தப் பக்கத்துக் கிராமங்களில் வாழ்கிறார்கள். பர்மாவின் பெயர் இப்போது மியான்மர்.

பறங்கியர் கப்பலில் வந்தவை

இனி ராஜ்மாவின் கதை. பச்சையாக இருக்கும்போது காயாகச் சாப்பிடும் பீன்ஸ் எல்லாருக்கும் தெரியும். அந்தப் பீன்ஸும் ராஜ்மாவும் ஒரே இனச் செடிதான். இளங்காயாகப் பறித்தால் பீன்ஸ். முற்றிக் காய்ந்த பிறகு உரித்தால் பயறு. சிவப்பு, வெள்ளை, கறுப்பு, புள்ளி போட்டது என்று அதில் பல வகை.

இதன் தாயகமும் அமெரிக்கக் கண்டமே. அங்கே வாழ்ந்த மக்கள் பல ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே இதைப் பயிரிட்டார்கள். 1492-இல் கொலம்பஸ் அந்தக் கண்டத்தை அடைந்தார். அதன் பிறகு அங்கிருந்த பயிர்கள் ஐரோப்பியக் கப்பல்களில் ஏறின. உலகம் முழுவதும் பரவின.

போர்ச்சுகல் ஐரோப்பாவின் மேற்குக் கோடியில் கடலை ஒட்டி இருக்கும் சிறிய நாடு. அந்த நாட்டு மாலுமி வாஸ்கோ ட காமா 1498-இல் கோழிக்கோட்டுக்கு வந்தார். 1510-இல் போர்ச்சுகல்காரர்கள் கோவாவைப் பிடித்தார்கள். 1961 டிசம்பர் வரை கோவா அவர்கள் கையில் இருந்தது. தமிழகக் கடற்கரையிலும் அவர்கள் குடியேறினார்கள். சென்னையின் சாந்தோம் அவர்கள் வைத்த பெயர்தான். நாகப்பட்டினத்திலும் அவர்கள் வியாபாரம் செய்தார்கள்.

அவர்களை நம் மக்கள் பறங்கியர் என்று அழைத்தார்கள். பறங்கிக்காய் என்ற சொல்லில் அந்தப் பெயர் இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. மிளகாயும் அவர்கள் கப்பலில் வந்ததுதான். அதற்கு முன் நம் குழம்புக்குக் காரம் கொடுத்தது மிளகு. மிளகாய் இல்லாத சமையலை இன்று நினைத்துப் பார்க்கவும் முடியவில்லை. அன்னாசி, கொய்யா, முந்திரி ஆகியவையும் இப்படி வந்தவையே.

பயிர்கள் மட்டுமா வந்தன? சொற்களும் வந்தன. சாவி, ஜன்னல், அலமாரி, மேசை, பீப்பாய், ஏலம் ஆகியவை போர்ச்சுகீசியச் சொற்களிலிருந்து பிறந்தவை. சமையலறைக்குக் குசினி என்று சில ஊர்களில் சொல்கிறார்களே, அதுவும் அப்படியே. அச்சுக் கலையும் அவர்கள் காலத்தில்தான் இந்தியாவுக்கு வந்தது. 1578-இல் கொல்லத்தில் 'தம்பிரான் வணக்கம்' என்ற தமிழ்ப் புத்தகம் தமிழ் எழுத்தில் அச்சானது. அதை உருவாக்கியவர் போர்ச்சுகல் நாட்டிலிருந்து வந்த பாதிரியார் என்றீக்கே என்றீக்கசு. மற்ற இந்திய மொழி எழுத்துகள் அச்சு ஏறும் முன்பே தமிழ் எழுத்து அச்சு ஏறிவிட்டது!

சமையலுக்குத் திரும்பலாம். ஐரோப்பாவில் பல நாட்டுக்காரர்கள் பச்சைக் கொத்தமல்லியை அதிகம் சேர்ப்பதில்லை. போர்ச்சுகல்காரர்கள் அப்படி அல்ல. அதிலும் அந்த நாட்டின் தெற்கே கொத்தமல்லி இல்லாமல் சமையல் நகராது. அங்கே ஏழை வீடுகளில் பயறு, பூண்டு, வெங்காயம், எண்ணெய், கைநிறையக் கொத்தமல்லி ஆகியவற்றைச் சேர்த்துக் கெட்டியான குழம்பு வைப்பார்கள். வசதி இருந்தால் இறைச்சி சேர்ப்பார்கள். கடலோர ஊர்களில் கணவாய் போடுவதும் உண்டு. கோவாவிலும் பயற்றுடன் இறைச்சி சேர்த்துச் சமைக்கும் பழக்கம் அவர்களிடமிருந்து வந்தது.

மாயாபந்தரில் கொத்தமல்லிக்குப் பதில் பர்மா தனியா. அவர்கள் ஊற்றும் ஆலிவ் எண்ணெய்க்குப் பதில் தேங்காய் எண்ணெய். வேறு மாற்றம் தேவையில்லை.

பச்சைப் பயற்றில் இருக்கும் நஞ்சு

இந்தப் பகுதியைச் சமைப்பவர் மட்டும் அல்ல, வீட்டில் எல்லாரும் படிக்க வேண்டும்.

ராஜ்மாவில் இயற்கையாகவே ஒரு நஞ்சு இருக்கிறது. பூச்சி மருந்து அல்ல. யாரும் கலந்ததும் அல்ல. பூச்சியும் விலங்கும் தன்னைத் தின்னாமல் இருக்கச் செடி வைத்துக்கொண்ட காவல் என்று சொல்லலாம். அது ஒருவகைப் புரதம். லெக்டின் என்று பெயர். மற்ற பயறுகளிலும் இது கொஞ்சம் இருக்கும். சிவப்பு ராஜ்மாவில் மிக அதிகம். நன்றாக வேகாத நாலைந்து பயறு தின்றாலே உடம்புக்கு ஆகாது.

தின்ற 1 மணி முதல் 3 மணி நேரத்துக்குள் குமட்டும். கடுமையாக வாந்தி வரும். பிறகு வயிற்றுப்போக்கு. வயிற்று வலியும் இருக்கலாம். பெரும்பாலும் சில மணி நேரத்தில் தானே சரியாகிவிடும். ஆனால் குழந்தைகளுக்கும் முதியவர்களுக்கும் உடம்பில் நீர் வற்றிவிடும். அதுதான் பயம்.

1976-இல் இங்கிலாந்தில் பள்ளிச் சிறுவர்கள் சிலர் விடுமுறைக்குப் போனார்கள். போன இடத்தில் ஊற வைத்த ராஜ்மாவை வேக வைக்காமல் சாப்பிட்டார்கள். வாந்தியும் பேதியுமாக அவதிப்பட்டார்கள். 2006-இல் ஜப்பானில் இன்னொன்று நடந்தது. வெள்ளைப் பயற்றை 3 நிமிடம் வறுத்து, பொடி செய்து, சோற்றில் தூவிச் சாப்பிட்டால் உடம்பு இளைக்கும் என்று ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சியில் சொன்னார்கள். பார்த்தவர்கள் அதைச் செய்து பார்த்தார்கள். ஏராளமானோர் நோயில் விழுந்தார்கள். 3 நிமிட வறுவலில் பயற்றின் உள்ளே சூடு சரியாக ஏறவில்லை.

இந்த நஞ்சை அழிப்பது கடினம் அல்ல. தளதளவென்று கொதிக்கும் நீர் போதும். 10 நிமிடம் நன்றாகக் கொதித்தால் நஞ்சு அழிந்துவிடும். 30 நிமிடம் கொதிக்க வைத்தால் சந்தேகமே வேண்டாம்.

ஆனால் கொதிக்காத வெந்நீரால் பயன் இல்லை. நீர் கொதிப்பது 100 டிகிரி சூட்டில். சுமார் 80 டிகிரியில் மணிக்கணக்காக வைத்தாலும் நஞ்சு போகாது. பச்சைப் பயற்றைவிட அதில் நஞ்சின் வேகம் 5 மடங்கு வரை கூடலாம் என்று உணவு ஆராய்ச்சியாளர்கள் கண்டிருக்கிறார்கள். பயறு பார்ப்பதற்கு மெத்தென்று இருக்கும். ஆகவே தின்பவரும் ஏமாந்துபோவார்.

இதனால்தான் சில பழக்கங்கள் ஆபத்தானவை. அந்தமானில் எரிவாயு சிலிண்டரும் கடல் தாண்டித்தான் வர வேண்டும். சிக்கனம் எல்லா வீட்டிலும் உண்டு. விறகடுப்பில் மிச்சம் இருக்கும் கங்கில் பானையை இரவு முழுவதும் வைத்துவிடலாம் என்று தோன்றும். பயற்றின் மேல் வெந்நீர் ஊற்றிச் சூடு ஆறாத பாத்திரத்தில் மூடி வைக்கலாம் என்றும் தோன்றும். ராஜ்மாவுக்கு இரண்டும் கூடாது. முதலில் தளதளவென்று கொதிக்க வேண்டும். அதற்குப் பிறகு சிறு தீயில் வேகலாம்.

ஊற வைப்பது எதற்கு?

சிக்கனத்துக்கு நல்ல வழி ஒன்று இருக்கிறது. அதுதான் ஊற வைப்பது. ஊறிய பயறு சீக்கிரம் வேகும். எரிபொருள் மிச்சம்.

குறைந்தது 5 மணி நேரம் ஊற வேண்டும். இரவு ஊற வைத்தால் காலையில் சரியாக இருக்கும். ஒரு பங்கு பயற்றுக்கு நாலு பங்கு தண்ணீர் வேண்டும். பயறு இரண்டு மடங்குக்கும் மேல் உப்பும். ஆகவே பெரிய பாத்திரமாக வைக்க வேண்டும். சிறிய டம்ளரில் ஊறப்போட்டால் காலையில் பயறு மேலே வந்து உட்கார்ந்திருக்கும்!

ஊறிய தண்ணீரைக் கொட்டிவிட வேண்டும். "சத்துத் தண்ணியாச்சே, கொட்டலாமா அத்தை?" என்று வீட்டுக்கு வந்த மருமகள் கேட்கலாம். கொட்டத்தான் வேண்டும். நஞ்சில் ஒரு பகுதி அந்த நீரில் இறங்கியிருக்கும். பயறு தின்றால் வாயு சேருகிறது அல்லவா? அதற்குக் காரணமான ஒருவகைச் சர்க்கரையும் அந்த நீரில்தான் கரைந்திருக்கும். நம் குடலால் அந்தச் சர்க்கரையைச் செரிக்க முடியாது. குடலில் இருக்கும் நுண்ணுயிர்கள் அதைத் தின்னும். அப்போது வாயு உண்டாகும். தண்ணீரைக் கொட்டினால் அந்தத் தொல்லை குறையும்.

சில நேரம் எவ்வளவு ஊற வைத்தாலும் பயறு வேகாது. கல் போலக் கிடக்கும். சமைப்பவர் மேல் குற்றம் இல்லை. பயறு பழையது. வெப்பமும் ஈரமும் உள்ள இடத்தில் மாதக்கணக்கில் கிடந்த பயறு வேகும் குணத்தை இழந்துவிடும். அந்தமான் காற்றோ எப்போதும் ஈரம்தான். அதனால் இங்கே மொத்தமாக வாங்கிச் சேர்க்கக் கூடாது. ஒரு மாதத்துக்கு வேண்டியதை மட்டும் வாங்க வேண்டும். மூடி இறுக்கமான டப்பாவில் போட வேண்டும். சாக்கிலும் காகிதப் பையிலும் வைத்தால் ஈரம் ஏறும். வாங்கும்போது பளபளப்பாக இருப்பதைப் பார்த்து எடுக்க வேண்டும். மங்கி, தோல் சுருங்கி இருந்தால் பழசு.

இன்னொன்று. கடையில் 'சிவப்புக் காராமணி' என்று கேட்டால் ஒருவர் ராஜ்மாவைத் தருவார். இன்னொருவர் தட்டைப்பயற்றைத் தருவார். இரண்டும் வேறு வேறு. தட்டைப்பயறு சிறியது. ஒரு பக்கம் கண் போன்ற புள்ளி இருக்கும். அது ஆப்பிரிக்காவிலிருந்து மிகப் பழங்காலத்திலேயே இங்கே வந்துவிட்டது. சீக்கிரம் வேகும். ராஜ்மா கிடைக்காவிட்டால் இந்தக் குழம்பைத் தட்டைப்பயற்றிலும் வைக்கலாம். சுவை சற்று வேறாக இருக்கும். மோசமாக இருக்காது.

குழம்பு வைக்கும் முறை

5 பேருக்குக் கால் கிலோ ராஜ்மா போதும். பெரிய வெங்காயம் 2, பூண்டு 6 பல், தக்காளி 2 வேண்டும். காய்ந்த மிளகாய் 2, பிரிஞ்சி இலை 1, தேங்காய் எண்ணெய் 3 மேசைக்கரண்டி, தேவையான உப்பு. பர்மா தனியா 8 இலை. கொத்தமல்லி கிடைத்தால் ஒரு கட்டு.

ஊறிய பயற்றை நல்ல தண்ணீரில் இரண்டு முறை அலச வேண்டும். பிறகு பானையில் போட்டுப் புதுத் தண்ணீர் ஊற்ற வேண்டும். பயற்றுக்கு மேல் நாலு விரல் தண்ணீர் நிற்க வேண்டும். பிரிஞ்சி இலையைப் போட்டுப் பெரிய தீயில் கொதிக்க விட வேண்டும். நுரை பொங்கி வரும். அதை எடுத்துவிடலாம். 30 நிமிடம் தளதளவென்று கொதிக்கட்டும். தண்ணீர் குறைந்தால் கொதிக்கும் நீரையே ஊற்ற வேண்டும். பச்சைத் தண்ணீர் ஊற்றினால் கொதி அடங்கிவிடும். பிறகு தீயைக் குறைத்து மூடி வைக்கலாம். இன்னும் அரை மணி முதல் 1 மணி நேரம் ஆகும்.

குக்கர் இருந்தால் வேலை சுலபம். குக்கருக்குள் சூடு 100 டிகிரிக்கு மேல் ஏறும். முதல் விசில் வந்ததும் தீயைக் குறைத்து 20 நிமிடம் வைத்தால் போதும். ஆவி தானாக அடங்கிய பின் திறக்க வேண்டும். ஊறாத பயற்றை நேராகக் குக்கரில் போட்டு "ரெண்டு விசில் கூட வச்சாப் போதும்" என்று நினைப்பது தவறு. வெளியே குழையும். உள்ளே பச்சையாக இருக்கும்.

வெந்துவிட்டதா என்று பார்க்க ஒரு பயற்றை எடுத்தால் போதாது. பானையின் அடி, நடு, ஓரம் என்று ஐந்தாறு பயற்றை எடுக்க வேண்டும். இரண்டு விரலால் நசுக்க வேண்டும். மாவு போல மசிய வேண்டும். நடுவில் வெள்ளையாக, கெட்டியாக எதுவும் இருக்கக் கூடாது. ஒன்று அப்படி இருந்தாலும் திரும்பவும் அடுப்பில் வைக்க வேண்டும். வாயில் போட்டுப் பார்ப்பதைவிட விரலால் நசுக்குவதே நல்லது.

தக்காளியையும் புளியையும் இதற்கு முன் சேர்க்கக் கூடாது. புளிப்புப் பட்டால் பயற்றின் தோல் இறுகிவிடும். பிறகு எவ்வளவு விறகு எரித்தாலும் வேகாது. புளிப்பு எல்லாம் பயறு வெந்த பிறகுதான். சமையல் சோடா சேர்த்தால் சீக்கிரம் குழையும் என்பது உண்மை. ஆனால் பி வைட்டமின் சத்து அழியும். சோப்பு போன்ற வாடையும் வரலாம். ஊற வைத்திருந்தால் சோடாவுக்கு வேலையே இல்லை.

இனி தாளிப்பு. வாணலியில் தேங்காய் எண்ணெயைக் காய வைக்க வேண்டும். பொடியாக நறுக்கிய வெங்காயத்தைப் போட்டுச் சிறு தீயில் வதக்க வேண்டும். அவசரம் கூடாது. போர்ச்சுகல் சமையலின் ருசி இந்த வதக்கலில்தான் இருக்கிறது. வெங்காயம் பொன்னிறமாகி இனிக்கும்வரை, சுமார் 10 நிமிடம் ஆகும். பிறகு நசுக்கிய பூண்டு, கிள்ளிய மிளகாய். பூண்டு கருகக் கூடாது. அடுத்துத் தக்காளி. அது கரைந்து எண்ணெய் பிரியும்வரை வதக்க வேண்டும். தக்காளி இல்லாத வாரத்தில் இரண்டு கரண்டி புளிக்கரைசல் விட்டுக் கொதிக்க வைக்கலாம். போர்ச்சுகல்காரர் கண்டால் ஒப்புக்கொள்ள மாட்டார். ஆனால் சோற்றுக்குப் பொருந்தும்.

பர்மா தனியாவை இரண்டு பங்காகப் பிரிக்க வேண்டும். ஒரு பங்கைப் பொடியாக நறுக்கி இந்த வதக்கலில் சேர்க்க வேண்டும். கொத்தமல்லி என்றால் இப்போது தண்டை மட்டும்தான் சேர்க்க வேண்டும். கொத்தமல்லி இலையின் மணம் கொதித்தால் ஓடிவிடும். பர்மா தனியாவின் மணம் சூட்டைத் தாங்கும். உலர வைத்தாலும் மணம் நிற்கும். அதுதான் அதன் பெருமை. அதனால் அளவு குறைவாகவே போட வேண்டும். கட்டுக் கணக்கில் போட்டால் வேறு எந்த ருசியும் தெரியாது.

வெந்த பயற்றில் ஒரு கரண்டி எடுத்து நன்றாக மசிக்க வேண்டும். மசித்ததையும் மீதிப் பயற்றையும் அது வெந்த நீரோடு வாணலியில் சேர்க்க வேண்டும். மசித்த பயறுதான் குழம்பைக் கெட்டியாக்கும். தேங்காய் அரைக்க வேண்டாம். மாவும் கரைக்க வேண்டாம். உப்புப் போட்டு 15 நிமிடம் சிறு தீயில் கொதிக்கட்டும். இறக்கும்போது மீதி இலையைத் தூவி மூட வேண்டும். 5 நிமிடம் கழித்துத் திறந்தால் மணம் பக்கத்து வீட்டுக்கும் போகும்.

படகு வந்த நாளில் கணவாயோ இறாலோ சேர்க்கலாம். சுத்தம் செய்து, தனியே எண்ணெயில் வதக்கி, கடைசி 5 நிமிடத்தில் போட வேண்டும். முதலிலேயே போட்டால் ரப்பர் போல ஆகிவிடும்.

சோற்றோடு சேர்ந்தால்

100 கிராம் உலர்ந்த ராஜ்மாவில் சுமார் 20 கிராம் புரதம் இருக்கிறது. உடம்பின் தசை வளரப் புரதம் வேண்டும். வளரும் பிள்ளைகளுக்கும் கர்ப்பிணிகளுக்கும் மிகவும் தேவை. அரிசியில் உள்ள புரதத்தில் ஒரு குறை உண்டு. அந்தக் குறையைப் பயறு நிரப்பும். பயற்றில் உள்ள குறையை அரிசி நிரப்பும். ஆகவே இரண்டையும் சேர்த்து உண்பதே நல்லது. ராஜ்மாவில் இரும்புச் சத்தும் இருக்கிறது. தக்காளி அதை உடம்பில் சேர்க்க உதவும். சாப்பிட்ட உடனே தேநீர் குடித்தால் அது தடுக்கும். ஒரு மணி நேரம் கழித்துக் குடிக்கலாம்.

பழக்கம் இல்லாதவர்கள் முதல் நாள் ஒரு சிறு கரண்டி மட்டும் சாப்பிடட்டும். குடல் மெல்லப் பழகிக்கொள்ளும். மிஞ்சிய குழம்பை அந்தமான் புழுக்கத்தில் அடுத்த நாளைக்கு வெளியே வைக்கக் கூடாது. இரவுக்கு வேண்டுமானால் நன்றாகக் கொதிக்க வைத்துச் சாப்பிட வேண்டும்.

எங்காவது அரைவேக்காட்டுப் பயறு தின்று யாருக்காவது வாந்தி பேதி வந்தால் என்ன செய்வது? 1 லிட்டர் காய்ச்சி ஆற வைத்த நீரில் 6 சிறு தேக்கரண்டி சர்க்கரையும் அரைத் தேக்கரண்டி உப்பும் கரைக்க வேண்டும். கரண்டியைத் தலைதட்டி அளக்க வேண்டும். உப்பு கூடிவிடக் கூடாது. அந்த நீரைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். ஓ.ஆர்.எஸ். பொட்டலம் இருந்தால் இன்னும் நல்லது. வாந்தி நிற்காவிட்டாலோ, கண் குழி விழுந்தாலோ, சிறுநீர் குறைந்தாலோ, குழந்தை சோர்ந்து கிடந்தாலோ உடனே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். என்ன சாப்பிட்டார், எத்தனை மணிக்குச் சாப்பிட்டார் என்பதை மருத்துவரிடம் சொல்ல வேண்டும்.

செடியைக் காப்பது

கடையில் பர்மா தனியாவைக் காசு கொடுத்து வாங்க வேண்டியதில்லை. அக்கம்பக்கத்தில் ஒரு செடி கேட்டால் யாரும் இல்லை என்று சொல்ல மாட்டார்கள். பெரிய செடியின் பக்கத்தில் முளைக்கும் கன்றை வேரோடு பெயர்த்து நடலாம். விதையாகவும் தூவலாம். விதை மிகப் பொடியானது. முளைக்க மூன்று வாரத்துக்கு மேலும் ஆகும். பொறுமை வேண்டும்.

இந்தச் செடிக்கு நிழல் பிடிக்கும். ஈரமும் பிடிக்கும். பாக்கு மரத்தடி, தென்னையடி, பாத்திரம் கழுவும் தண்ணீர் ஓடும் ஓரம் எல்லாம் நல்ல இடம். சோப்புத் தண்ணீர் மட்டும் இலையில் படாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். கடும் வெயிலில் வைத்தால் இலை சிறுத்துவிடும். சீக்கிரமே நடுவில் ஒரு தண்டு எழும்பிப் பூக்கும். பூத்தண்டில் முள் இருக்கும். கையைக் குத்தும். பூத்த பிறகு இலை முற்றி நார் போல ஆகிவிடும். அதனால் தண்டு எழும்பும்போதே கிள்ளிவிட வேண்டும். ஒன்றிரண்டு செடியை மட்டும் பூக்க விடலாம். அதில் காயும் விதை தானே உதிர்ந்து அடுத்த மழையில் முளைத்துவிடும்.

இலை பறிக்கும்போது வெளி வட்டத்தில் உள்ள பெரிய இலைகளைக் கிள்ள வேண்டும். நடுக்குருத்தை விட்டுவிட்டால் அடுத்த வாரமே புது இலை வரும்.